உப்பளத்தில் காய்த்த கமுகு

என் அப்பா அம்மாவின் கல்யாண வாழ்த்துமடல் இன்னும் எங்கள் வீட்டு முன்னறையில் கண்ணாடிச் சட்டத்துக்குள் தொங்குகிறது. ஒரு காலத்தில் ரோஜா நிறத்தில் இருந்த தாள். இப்போது அதற்கு என்ன நிறம் என்று சொல்வதற்கில்லை. எங்கள் பக்கத்துக் கல்யாணங்களில் இப்படி ஒரு வழக்கம் உண்டு. தாலி கட்டி முடிந்து, மண்டபத்தில் இருப்பவர்கள் எல்லாம் சாப்பாட்டுக் கூடத்தின் கதவு எப்போது திறக்கும் என்று அந்தப் பக்கமே பார்த்துக்கொண்டிருக்கும் நேரத்தில், பெண்ணின் தாய்மாமன் மைக்கைப் பிடித்து, அச்சடித்த வாழ்த்துப்பா ஒன்றை ராகம் போட்டு வாசிப்பார். ஒருவரும் கேட்க மாட்டார்கள். ஆனால் வாசிக்காமல் விட்டுப் பாருங்கள். அந்தக் கல்யாணத்தில் ஏதோ குறை என்று, பிள்ளை பிறந்து அது பள்ளிக்கூடம் போகிற வரைக்கும் பேசுவார்கள்.

எங்கள் வீட்டு மடலை எழுதியது அப்பாவின் அப்பா, என் தாத்தா; அடியில் அவர் பேர் இருக்கிறது. மிஷன் பள்ளிக்கூடத்தில் வாத்தியாராக இருந்தவர். மாடு, மனை, மக்கள், சமாதானம் என்று எல்லாம் அதில் வழக்கம்போல வரும். நடுவில் மட்டும் ஒரு வரி இப்படி இருக்கும்:

ஒட்டகங்கள் வாசல் நிறைய, உப்பளத்தில் கமுகு காய்க்க.

ஒட்டகம் எப்படி வந்தது என்று நான் கேட்க மாட்டேன். நாங்கள் பல தலைமுறையாகக் கிறிஸ்தவர்கள். ஞாயிற்றுக்கிழமைதோறும் வேதபாடத்தில் ஒட்டகங்களைக் கேட்டே வளர்ந்தவர்கள். தாத்தா உயிருள்ள ஒட்டகத்தைப் பார்த்திருக்க வழியில்லை, இருந்தாலும் போகட்டும். கமுகுதான் எனக்குப் பொறுக்காது. உப்பளத்தில் பாக்கு மரம் எப்படிக் காய்க்கும்? நட்ட சூட்டோடு பட்டுப்போகும். என் கணக்கு இதுதான்: உப்பளம் விளையட்டும் என்று ஒரு வரியும், தோப்பில் கமுகு காய்க்கட்டும் என்று ஒரு வரியும் தனித்தனியாக இருந்திருக்கும். பார்த்து எழுதிய யாரோ நடுவில் கண்ணயர்ந்திருக்கிறார். ஒன்றின் தலையும் மற்றதன் வாலும் ஒட்டிக்கொண்டுவிட்டன.

இதை என் அண்ணனிடம் சொல்ல முடியாது. அண்ணன் நாகர்கோவிலில் ஒரு கல்லூரியில் தமிழ்ப் பேராசிரியராக இருந்து ஓய்வு பெற்றவர். ஒரு கவிதையைக் கொடுத்தால் அதற்குள் இன்னொரு பழைய கவிதை எங்கே பதுங்கியிருக்கிறது என்று கண்டுபிடித்துவிடுவார். அதற்கு எடுத்தாளுதல் என்று பெயர். பழைய குரல் கேட்காத கவிதை வெறும் சத்தம் என்று வகுப்பில் மேசையைத் தட்டுவார். இப்போதெல்லாம் ஆய்வேடுகளைக் கணினியில் போட்டால், எது எது எங்கிருந்து எடுத்தது என்று அது மஞ்சள் பூசிக் காட்டுகிறது. அண்ணனுக்கு அந்தக் கணினியின் மேல் தீராத கோபம். எடுத்தாளுதலுக்கும் களவுக்கும் வித்தியாசம் தெரியாத இயந்திரத்தை வேலைக்கு வைத்திருக்கிறார்கள், அதற்கும் மாதச் சம்பளம் கொடுக்கிறார்களோ என்னவோ என்பார்.

உப்பளத்துக் கமுகு அவரைப் பொறுத்தவரை தாத்தாவின் மேதமை. இயற்கை முடியாது என்று கைவிரிக்கும் இடத்தில் இறையருள் முடியும் என்று நிற்கிறது, அதுதான் அந்த வரியின் உட்பொருள் என்று சபைப் பத்திரிகையில் கட்டுரை எழுதினார். போதகர் அதை வைத்து ஒரு பிரசங்கமும் செய்தார். எங்கள் குடும்பத்துக்குப் பேர் சொல்லும்படி நிலமோ கடையோ இல்லை. அண்ணன் கணக்கில் அந்த ஒரு வரிதான் குடும்பச் சொத்து. இப்படி ஒரு வரி உலகத்தில் வேறு எந்தத் தலையிலும் உதித்திருக்காது என்பார். அதை மட்டும் நானும் ஒப்புக்கொள்வேன்.

நான் விலங்கியல்காரி. பெண்கள் கல்லூரி ஒன்றில் மரபியல் நடத்துகிறேன். அண்ணனுக்கும் எனக்கும் சாப்பாட்டு மேசையில் சண்டை வராத பண்டிகை கிடையாது. ஒரு கிறிஸ்துமஸ் அன்று மட்டும் அதிசயமாக ஒத்துப்போனோம். இரண்டு பழைய ஏடுகள் ஒரே மூலத்திலிருந்து வந்தவை என்று எப்படிக் கண்டுபிடிப்பது என்று அவர் விளக்கிக்கொண்டிருந்தார். சரியான வரி இரண்டிலும் இருப்பதால் ஒன்றும் தெரியாதாம். ஒரே தவறு இரண்டிலும் ஒரே இடத்தில் இருந்தால்தான் பிடி கிடைக்குமாம்.

"எங்க பாடத்துலயும் அதே கததாண்ணே" என்றேன். பெரும்பாலான மிருகங்கள் தங்களுக்கு வேண்டிய வைட்டமின் சியைத் தாங்களே உடம்பில் தயாரித்துக்கொள்ளும். நம்மால் முடியாது. அதற்கான மரபணு நம்மிடம் இருக்கிறது, ஆனால் உடைந்து கிடக்கிறது. மனிதக் குரங்குகளிடமும் அதே மரபணு அதேபோல உடைந்து கிடக்கிறது. தனித்தனியாக விழுந்தவர்களுக்கு ஒரே இடத்தில் ஒரே மாதிரி எலும்பு முறியாது. பொது மூதாதை ஒருவரிடம் முறிந்தது, பிள்ளைகளுக்கெல்லாம் வந்திருக்கிறது. அண்ணனுக்கு இது ரொம்பப் பிடித்துவிட்டது. திரும்பத் திரும்பச் சொல்லச் சொன்னார். அண்ணன் மனைவியான மைனிதான், "அப்போ நெல்லிக்கா ஊறுகா போட்டு வச்சிருக்கது எதுக்கு, அதத் தின்னுங்க ரெண்டு பேரும்" என்று பேச்சை முடித்துவைத்தாள்.

சொந்த அண்ணனுக்குப் பாடம் நடத்தினால் என்ன கிடைக்கும் என்பது என் மகள் கல்யாணத்தில் தெரிந்தது.

மகள் திருவனந்தபுரத்தில் ஒரு மரபணு ஆய்வுக்கூடத்தில் வேலை பார்க்கிறாள். தினமும் நாகர்கோவிலில் ரயில் ஏறுவாள். மார்த்தாண்டத்துக்காரப் பையன் ஒருவன் குழித்துறையில் ஏறுவான். ரயில் தாமதமாக ஓடிய புண்ணியத்தில் இரண்டு பேரும் பேசிப் பழகி, ஒருநாள் அவள் வீட்டில் வந்து சொன்னாள். சபையும் பொருந்தியது, படிப்பும் பொருந்தியது. பையனின் முகத்தில் களவு இல்லை. என் கணவர் மஸ்கட்டில் வேலையில் இருப்பதால், தாய்மாமன் என்ற முறையில் எல்லாவற்றையும் அண்ணனே முன்னின்று பேசி முடித்தார். வாழ்த்துப்பா எழுதப்போகிறேன் என்று அப்போதே பேனாவைத் திறந்துவிட்டார்.

மாப்பிள்ளை வீடு காணப் போனோம். இதற்குப் பெண் வரக்கூடாது, பெண்ணைத் தவிர மற்ற எல்லாரும் வரலாம். ஒரு வேன் நிறைய ஆள். பையனின் அம்மா வாசலிலேயே என் கையைப் பிடித்துக்கொண்டாள். பார்த்தவுடன் பிடித்துப்போகிற முகம். ஏத்தன் பழமும் முந்திரிக்கொத்தும் வந்தன. சாயா கிளாஸோடு சுவர்ப் படங்களைப் பார்த்துக்கொண்டே நடந்த அண்ணன் ஒரு சட்டத்தின் முன்னால் நின்றுவிட்டார். நின்றவர் திரும்பவே இல்லை.

"இது ஆருக்க மடலு?" என்றார். குரல் மாறியிருந்தது.

"எனக்க அம்மைக்கும் அப்பனுக்கும் உள்ளதாக்கும்" என்றாள் பையனின் அம்மா. "அம்மைக்க வீட்டுலேருந்து நான் ஆசப்பட்டுக் கேட்டு வாங்கினது."

"ஆரு எழுதினது?"

"அது தெரியாதுண்ணே. கீழ பேரு போடல்லல்லா."

நான் எழுந்து போய்ப் பார்த்தேன். ஒட்டகங்கள் வாசல் நிறைய, உப்பளத்தில் கமுகு காய்க்க. அட்சரம் பிசகாமல் இருந்தது. அடியில், 'மணமகனின் நலம் நாடும் ஒருவர்' என்று மட்டும் போட்டிருந்தது. எனக்கு முதலில் சிரிப்புத்தான் வந்தது. அண்ணனின் முகத்தைப் பார்த்ததும் சிரிப்பு நின்றுவிட்டது. அவர் முந்திரிக்கொத்தைத் தொடவில்லை. எங்கள் குடும்பத்தில் இது சாவு வீட்டில்கூட நடந்ததில்லை.

வேன் மார்த்தாண்டம் சந்திப்பில் வழக்கம்போல மாட்டிக்கொண்டு நின்றபோது அண்ணன் வாயைத் திறந்தார்.

"ஏட்டி, இந்தக் கல்யாணம் நடக்காது."

"எதுக்காம்?"

"ஒரே தப்பு, ஒரே எடம். நீதான சொன்ன, பொது மூதாதைன்னு? தாத்தா இந்த மேக்கப் பக்கத்துல எத்தன வருஷம் வாத்தியாரா இருந்தாரு? குடும்பத்த ஊருல விட்டுட்டு இங்க தனியாத்தான தாமசிச்சாரு?"

வேனில் எல்லாரும் ஹாரன் சத்தத்தைக் கேட்பதுபோல உட்கார்ந்திருந்தார்கள். எனக்குப் புரியச் சற்று நேரம் ஆயிற்று. அண்ணனின் முடிவு இது: தாத்தாவுக்கு மேற்கே இன்னொரு குடும்பம் இருந்திருக்கிறது. பையனின் அம்மாவுடைய அப்பா அந்தக் குடும்பத்தில் பிறந்த மகன். அந்த மகனின் கல்யாணத்துக்கு, பேர் போட முடியாத நிலைமையில், நலம் நாடும் ஒருவராகத் தாத்தாவே மடல் எழுதிக் கொடுத்திருக்கிறார்.

"அப்போ அந்தப் பொம்பள நமக்குச் சித்தப்பா மக. ஒனக்குத் தங்கச்சி முற. ஒனக்க மகளும் அவளுக்க மகனும் அக்கா தங்கச்சி மக்கள். அண்ணனுக்கும் தங்கச்சிக்கும் கல்யாணம் நடத்துவியாட்டி?"

"அய்யோ, பெரியவரு போட்டோவுல எவ்வளவு சாந்தமா இருக்காரு" என்றாள் மைனி. அவளுக்குத் தெரிந்த ஒரே ஆதாரம் அதுதான்.

இங்கே ஒன்றைச் சொல்லாமல் இருக்க முடியவில்லை. அண்ணன் கட்டியிருப்பது எங்கள் தாய்மாமன் மகளை. மைனிக்கு அண்ணன் அத்தை மகன், முறை மாப்பிள்ளை. ஊரே கூடி வாழ்த்திய கல்யாணம். மரபியல் கணக்கில் அவர்கள் இரண்டு பேருக்கும் உள்ள நெருக்கம் ரொம்ப அதிகம். அண்ணன் கற்பனை செய்த இரண்டாவது குடும்பம் முழுக்க உண்மை என்றே வைத்துக்கொண்டாலும், என் மகளுக்கும் அந்தப் பையனுக்கும் அதில் எட்டில் ஒரு பங்குதான் வரும். இன்னும் கேளுங்கள். அதே சட்டம் பையனின் அப்பா வழியில் வந்திருந்தால், பையன் எனக்கு அண்ணன் மகன் முறை, என் மகளுக்கு முறை மாப்பிள்ளை. சொந்தம் விட்டுப்போகாமல் கடவுள் சேர்த்துவைத்தார் என்று அண்ணன் அங்கேயே கட்டிப்பிடித்திருப்பார். ரத்தம் அதே ரத்தம், பங்கும் அதே பங்கு. சட்டத்தை எந்த வீட்டு ஆணியில் மாட்டியிருந்தார்கள் என்பதுதான் வித்தியாசம். மரபணுவுக்கு இந்த விவரமெல்லாம் தெரியாது என்பதால் அதை நம்புவதற்கில்லை என்பது எங்கள் ஊர் வழக்கம்.

எனக்கு நெஞ்சுக்குள் எரிந்தது வேறு காரணத்துக்காக. அடுத்த ஞாயிறு முதல் ஆலயத்தில் கல்யாண அறிவிப்பு வாசிக்கத் தொடங்குவார்கள். இன்னாருக்கும் இன்னாருக்கும் விவாகம், தடை ஏதும் தெரிந்தவர்கள் சொல்லலாம் என்று போதகர் கேட்பார். மூன்று ஞாயிறும் கேட்பார். யாரும் எழுந்ததாகச் சரித்திரம் இல்லை.

"நான் எழும்பி நிப்பேன்" என்றார் அண்ணன்.

அவர் நிற்பார். அப்படிப்பட்ட ஆள்தான். நின்றுவிட்டால் என் மகள் கல்யாணம் மட்டுமா போகும்? அந்த நல்ல முகத்துக்காரியின் செத்துப்போன அப்பனுடைய பிறப்பையும் சபை நடுவே சந்திக்கு இழுத்ததாக ஆகும். வீட்டுக்கு வந்து மகளிடம் சொன்னேன். அவள் ரயில் சீசன் டிக்கெட்டைப் பையிலிருந்து எடுத்துப் பார்த்துவிட்டு மறுபடி உள்ளே வைத்தாள். அதைப் பார்த்ததும் எனக்கு அண்ணன் மேல் வந்த ஆத்திரம் சொல்லி முடியாது.

மறுநாள் காலையிலேயே அவர் வீட்டுக்குப் போனேன். தாத்தா அந்த வரியை வேறு எங்காவது பார்த்து எழுதியிருக்கலாமே அண்ணே என்று மெதுவாகத்தான் ஆரம்பித்தேன்.

"என்னட்டி சொன்ன?"

"அந்த வீட்டுக்காரங்களும் அதையே பாத்து எழுதியிருக்கலாம். மூலம் வேற எங்கயோ இருக்கும்."

"தாத்தா காப்பியடிச்சாருன்னு சொல்லுகியா?" நாற்காலி பின்னால் விழுந்தது. "எனக்க தாத்தா அடுத்தவனுக்க வரிய எடுத்துத் தனக்க பேரப் போட்டாருன்னா சொல்லுக? அப்பேர்ப்பட்ட மனுஷன் இல்லட்டி அவரு!"

அப்போதுதான் எனக்கு விளங்கியது. தாத்தாவுக்கு இரண்டாவது பெண்டாட்டி இருந்ததில் அண்ணனுக்குப் பெரிய வருத்தமில்லை. கள்ளக் குடும்பம் ஒன்றை அவர் தலையில் ஒரே சாயங்காலத்தில் கட்டிவைத்துவிட்டார். ஆனால் இரவல் வரி ஒன்றை வைத்திருந்தார் என்று சொன்னால் தாத்தாவின் மானம் போய்விடும். பெரும்புலவர்கள் எடுத்தால் அது மரபு, எதிரொலி, எடுத்தாளுதல். அதற்குப் பட்டம் தருவார்கள். எங்கள் தாத்தா எடுத்தால் மட்டும் களவு. "அண்ணே, நீங்க திட்டின அந்தக் கம்ப்யூட்டரும் இதத்தான் சொல்லுகு" என்றேன். அவர் என்னை வெளியே போகச் சொன்னார். மைனி வாசல்வரை வந்து, "சாயா குடிக்காமப் போறியே" என்று அழுதாள்.

எனக்குத் தெரிந்த ஒரே வழி, மாதிரிகள் சேகரிப்பது. ஒரு சட்டத்தில் இருந்தால் அது தாத்தா. இரண்டு சட்டத்தில் இருந்தால் இரண்டு குடும்பம். ஊர் முழுக்க இருந்தால் என்ன செய்வார்? கல்லூரி ஆசிரியர் அறையில், வீட்டில் பழைய வாழ்த்துமடல் இருந்தால் போனில் படம் எடுத்து அனுப்புங்கள் என்று கேட்டேன். விலங்கியல்காரிக்கு இது எதற்கு என்று ஒருவரும் கேட்கவில்லை. ஓய்வுபெறும் வயது நெருங்கினால் இப்படித்தான் ஆகும் என்று பேசிக்கொண்டிருப்பார்கள்.

வந்த படங்களில் பாதி ஒன்றுக்கும் உதவாது. இரண்டு நாள் கழித்து எங்கள் துறை ஆசிரியை ஒருத்தி தன் அத்தையின் கல்யாண மடலைக் காட்டினாள். அவர்கள் கிறிஸ்தவர்கள் அல்ல, அய்யாவழிக் குடும்பம். வாங்கிப் படித்தேன். 'பசுக்கூட்டம் வாசல் நிறைய, உப்பளத்தில் கமுகு காய்க்க.' ஒட்டகத்துக்கு அந்த வீட்டில் வேலை இல்லை, பசுவாக மாறிவிட்டது. அர்த்தமே இல்லாத கமுகு மட்டும் அப்படியே நிற்கிறது. அடுத்தது தேங்காய்ப்பட்டணத்தில் மீன் வியாபாரம் செய்யும் என் பழைய மாணவி வீட்டிலிருந்து வந்தது. அவர்கள் இஸ்லாமியர்கள். ஒட்டகத்துக்கு உரிமை கொண்டாட எங்களைவிட அவர்களுக்கு அதிக நியாயம் உண்டு. ஆனால் கடற்கரைக்காரர்கள் அல்லவா, 'தோணியெல்லாம் துறை நிறைய' என்று ஆக்கிவிட்டார்கள். அங்கேயும் கமுகு உப்பளத்தில்தான் காய்த்தது.

மாணவியிடம் போனில் கேட்டேன். அவள் உள்ளே இருந்த அம்மாவிடம் போனைக் கொடுத்தாள். "வேற எங்கயோ கல்யாணத்துல கிட்டின நோட்டீஸு டீச்சரே" என்றார் அந்த அம்மா. "அத அச்சாபீஸ்ல குடுத்து, பேர மாத்தி அடிச்சுத் தாங்கன்னு சொல்லுவோம். ஒட்டகம் நமக்கு எதுக்குன்னு எனக்க வாப்பாதான் தோணி போடச் சொன்னாரு. எல்லாரும் அப்படித்தான செய்யாங்க?"

எல்லாரும் அப்படித்தான் செய்கிறார்கள். வகுப்பில் வருஷாவருஷம் இதைத்தான் நடத்துகிறேன். பாக்டீரியாவுக்கு ஒரு துண்டு மரபணு வேண்டுமென்றால் அம்மா அப்பாவிடமிருந்துதான் வரவேண்டும் என்பதில்லை. பக்கத்தில் கிடக்கும், ஒரு சொந்தமும் இல்லாத வேறு பாக்டீரியாவிடமிருந்து வாங்கிக்கொள்ளும். அது முறை பார்ப்பதில்லை, சபை பார்ப்பதில்லை. தலைமுறை வழியாக மேலிருந்து கீழே வருவது ஒரு பாதை. வேலிக்கு மேலே கைநீட்டி வாங்குவது இன்னொரு பாதை. முதல் பாதையை மட்டும் அண்ணனுக்குச் சொல்லிக்கொடுத்து, இரண்டாவதைச் சொல்வதற்குள் மைனி ஊறுகாயை நீட்டிவிட்டாள்.

முதல் அறிவிப்பு வாசிக்கும் ஞாயிற்றுக்கு முந்தின நாள் மகளையும் கூட்டிக்கொண்டு அண்ணன் வீட்டுக்குப் போனேன். வாசலில் நின்று என்னை முறைத்தாலும் அவளை அவரால் முறைக்க முடியாது. உட்காரச் சொன்னார். படங்களைக் காட்டினேன். கண்ணாடியைப் போட்டுக்கொண்டு பசுவைப் பார்த்தார், தோணியைப் பார்த்தார்.

"அச்சாபீஸ்காரன் செஞ்ச வேலையா இருக்கும்" என்று கடைசியில் சொன்னார். "அதுக்காக அந்த மேக்கத்த மடலு தாத்தா எழுதினது இல்லேன்னு ஆகாது. சந்தேகம் சந்தேகந்தான். நீங்கதான் விஞ்ஞானம் படிச்சவங்களே, ஒரு டிஎன்ஏ டெஸ்ட் எடுங்க. அதுல தெரியட்டும்."

"எடுக்கலாம் மாமா" என்றாள் மகள். அவள் குரலில் அவ்வளவு மரியாதை இருந்தால் நான் எச்சரிக்கையாகிவிடுவேன். "ஆனா எனக்கும் அவருக்கும் மட்டும் எடுத்தாப் பத்தாது. ஒத்துப் பாக்க இன்னொரு ஜோடி வேணும். ஒங்களுக்கும் மாமிக்கும் எடுப்போம். எந்த ஜோடி அண்ணன் தங்கச்சிக்கு ரொம்பக் கிட்ட நிக்குன்னு பாத்துட்டு, அந்தக் கல்யாணத்துக்கு நாளைக்கு நீங்க எழும்பி நில்லுங்க."

அடுக்களையில் பாத்திரம் ஒன்று விழுந்தது. மைனி முந்தானையில் கையைத் துடைத்துக்கொண்டு வெளியே வந்தாள். "எடு மக்களே" என்றாள். "இந்த மனுஷன் நெசமாவே எனக்க அத்த மகன்தானா, இல்ல ஆஸ்பத்திரியில மாறிப் போச்சான்னு எனக்கும் ரொம்ப நாளா சந்தேகம் உண்டு."

நான் சிரித்துவிட்டேன். மகளும் சிரித்தாள். அண்ணன் சிரிக்கவில்லை. தோணிப் படத்தையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"அப்போ தாத்தா எழுதலியா மக்களே?" என்றார். என்னிடம் கேட்கவில்லை, அவளிடம்தான் கேட்டார். "சின்னப் பையனா இருக்கும்போ வீட்டுக்கு ஆரு வந்தாலும் அப்பா அந்த வரியப் படிச்சுக் காட்டுவாரு. உப்பளத்துல கமுகு காய்க்கும்னு எழுதின ஒருத்தருக்க பேரன்னு நெனச்சுத்தான் நான் தமிழு படிக்கப் போனேன். வேற ஒரு காரணமும் இல்ல."

இது எனக்குத் தெரியாது. இத்தனை வருஷம் பக்கத்துத் தெருவில் இருந்து சண்டை போட்டிருக்கிறேன், இது தெரியாது. இரண்டாவது பாட்டி, சித்தப்பா மகள் எல்லாம் எதற்காக முளைத்தார்கள் என்று இப்போது தெரிந்தது. அந்த வரி வேறொரு வீட்டில் இருக்கலாம், ஆனால் தாத்தாவுடையதாக இருக்கவேண்டும். அதற்கு அவருக்குக் கிடைத்த ஒரே வழி ரத்தம்.

மகள் அவர் பக்கத்தில் போய் உட்கார்ந்தாள். "மாமா, பிள்ளைய வயித்துல வச்சுத் தாங்குகதுக்கு நஞ்சுக்கொடி வேணும்லா? அது ஒழுங்கா உருவாக ஒரு மரபணு வேணும். அது மொதல்ல நமக்குள்ளது இல்ல. கோடிக்கணக்கான வருஷத்துக்கு முன்ன ஒரு வைரஸ் நம்ம முன்னோருக்க உடம்புல வந்து, அதுக்க வரி ஒண்ண விட்டுட்டுப் போச்சு. அந்த வரிய நம்ம உடம்பு எடுத்து, அதுக்குச் சம்பந்தமே இல்லாத ஒரு வேலைய அதக் கொண்டு செஞ்சிருக்கு. அது இல்லேன்னா நீங்களும் இல்ல, நானும் இல்ல. அதக் களவுன்னு சொல்லுவீங்களா?"

அண்ணன் யோசித்தார். வகுப்பில் யோசிப்பதுபோலவே மோவாயைத் தேய்த்துக்கொண்டு யோசித்தார்.

"எடுத்தாளுதல்" என்றார்.

"அதேதான். தாத்தா மொதல்ல எழுதினாரா, எடுத்தாண்டாரான்னு எனக்குத் தெரியாது. ஆருக்கும் தெரியாது. எழுதலேன்னு நான் சொல்லவே இல்லியே."

அவள் அதை ஆறுதலுக்காகச் சொல்லவில்லை. உண்மையும் அதுதான். ஆனால் அண்ணனின் முகத்தில் மெல்ல ஒரு வெளிச்சம் ஏறுவதைப் பார்த்தேன். படங்களை மறுபடி ஒவ்வொன்றாகத் தள்ளிப் பார்த்தார். பசு, தோணி, மார்த்தாண்டத்து ஒட்டகம்.

"அப்போ ரத்தம் இல்லாமலே வரி போகும், அப்படித்தான?"

"போகும் மாமா."

"அப்போ இந்தப் பயலுவ எல்லாம் நமக்க தாத்தாட்டேருந்துதான் எடுத்திருக்கானுவ!" தொடையைத் தட்டினார். "பாத்தியாட்டி? மாவட்டம் முழுக்க எடுத்தாண்டிருக்கு! நான் அப்பமே சொல்லல்லியா, இது வேற தலையில உதிக்காதுன்னு?"

ஆதாரம் எங்கே என்று என் நாக்கு நுனிவரை வந்தது. மைனி என் காலை மிதித்தாள். மறுநாள் ஆலயத்தில் போதகர் தடை உண்டா என்று கேட்டபோது, அண்ணன் முன்வரிசையில் கைகட்டி உட்கார்ந்திருந்தார். யாராவது எழுந்தால் பார்த்துக்கொள்கிறேன் என்பதுபோலப் பின்னால் திரும்பி ஒரு முறை முறைத்தார்.

கல்யாணம் நாகர்கோவிலில் நடந்தது. வாழ்த்துப்பா வாசிக்க அண்ணன் மேடை ஏறியபோது மண்டபத்தில் பாதிப் பேர் எழுந்து சாப்பாட்டுக் கூடத்தின் வாசலில் நெருக்கிக்கொண்டு நின்றார்கள். மீதிப்பேர் போன் பார்த்துக்கொண்டிருந்தார்கள். அவர் பழைய பாடல்களின் எதிரொலிகளாகத் திணித்து நீளமாக எழுதியிருந்தார். ஒன்றும் யார் காதிலும் ஏறவில்லை. ராகத்தை மாற்றி மெதுவாக, "ஒட்டகங்கள் வாசல் நிறைய" என்று எடுத்து, மூச்சு வாங்க நிறுத்தினார்.

"உப்பளத்தில் கமுகு காய்க்க" என்று பையனின் அம்மா உட்கார்ந்த இடத்திலிருந்தே முடித்தாள். அவளைச் சுற்றியிருந்த மேற்குப் பக்கத்துப் பெண்கள் கூடவே சேர்ந்துகொண்டார்கள். கூடத்து வாசலில் நின்றவர்களும் திரும்பிப் பார்த்துச் சிரித்துக்கொண்டே சொன்னார்கள். எங்கள் துறை ஆசிரியை சொன்னாள். பின்வரிசையிலிருந்து என் மாணவியின் அம்மா, "தோணியெல்லாம் துறை நிறைய" என்று உரக்கத் திருத்தினார். தங்கள் வீட்டுச் சுவரில் இருக்கும் வரி என்று ஒவ்வொருவருக்கும் ஒரு நினைப்பு. மேடையில் அண்ணன் கையில் தாளோடு நின்றுகொண்டிருந்தார். எனக்குப் பயம் வந்துவிட்டது. இத்தனை வாயிலிருந்து கேட்ட பிறகு, அது ஊருக்குப் பொதுவாகக் கிடந்த வரி என்று அவருக்குத் தெரியாமலா போகும்?

மீதியை வாசிக்காமலே இறங்கி என்னிடம் வந்தார். கண் நிறைந்திருந்தது.

"ஏட்டி" என்றார், "நமக்க தாத்தாவுக்கு இத்தன மக்களா?"

ஆமாண்ணே என்றேன். இத்தனை வருஷம் மரபியல் நடத்தியதில் ஆதாரம் கேட்காமல் நான் ஒப்புக்கொண்ட வம்சாவளி அது ஒன்றுதான்.